கைவிட்டவள்

ஒக்ரோபர் 7, செவ்வாய்

காலை பிறசர் 150/95. காற்று இல்லை. கடல் எண்ணெய் ஊற்றியதுபோல். டொக்டர் எழுதச் சொன்னது இலக்கத்தை மட்டும்தான். இன்று வேறொன்றும் எழுத வேண்டியிருக்கிறது. யாரிடமும் சொல்ல முடியாது.

பட்டறையில் இரண்டு வள்ள எஞ்சின். ஒன்று நாளைக்குக் கொடுக்க வேண்டும்.

மத்தியானம் அடையாள அட்டைப் பிரதி தேடி அலுமாரி லாச்சியைத் திறந்தேன். அடியில் றெஜினாவின் கொப்பித்தாள் ஒன்று. நாலாய் மடித்தது. மேலே ‘நான் யார்?’ என்று கோடிட்டு, கீழே:

அம்மா
தையல்காரி
அனலைதீவுக்காரி
கோபக்காரி (வெளியில் தெரியாது)
பாடத் தெரிந்தவள்
கைவிட்டவள்

ஆறு. மனைவி என்று இல்லை. பதினெட்டு வருடம். பின்பக்கமும் திருப்பிப் பார்த்தேன்.

கைவிட்டவள். யாரை?

அதே மடிப்பில் மடித்து, அதே இடத்தில் வைத்தேன்.

8, புதன்

145/95. புதன்கிழமை அவளுக்கு வகுப்பு. கோயில் மண்டபத்தில் பெண்களுக்கு எழுத்துப் பயிற்சி. ஒன்றரை மாதமாகப் போகிறாள். போகச் சொன்னது நான்தான். நான் சொல்லும்படி அவள் வைத்தாளோ என்று இப்போது தோன்றுகிறது.

கவனித்தவை: நீலச் சேலை, பழையது, ஆனால் இஸ்திரி போட்டது. பவுடர் போட்டிருந்தாள். செருப்பு, வீட்டில் போடும் தேய்ந்த செருப்பு. செருப்பு மட்டும் பொருந்தவில்லை.

“என்ன எழுதுவிக்கினம் அங்கை?”

“சும்மா. எங்களைப் பற்றி.”

“எங்களை எண்டால்?”

“எங்களை எண்டால் பொம்பிளையளைத்தான். வேறை ஆரை?”

மகள் புத்தகத்துக்குள் சிரித்தாள். ஏன் சிரித்தாள்?

9, வியாழன்

பிறசர் பார்க்கவில்லை.

தேத்தண்ணிக் கடையில் யோசேப்பு அண்ணை. வகுப்பைப் பற்றிக் கேட்காமல் கேட்டேன். “படிப்பிக்கிறவர் அன்ரன் மாஸ்ரர் எல்லே. டவுனிலையிருந்து வாறவர். சொந்த ஊர் அனலைதீவு. நல்லாக் கதைப்பார், மனுசன்.”

அனலைதீவு. வயது நாற்பத்தைந்து இருக்குமாம். றெஜினாவுக்கு நாற்பத்து மூன்று. கலியாணம் பேசும்போது எங்கள் ஆட்கள் எவ்வளவோ விசாரித்தார்கள். இப்படி ஒன்றை விசாரிக்க யாருக்கும் தோன்றவில்லை.

பிளக்கைத் தவறாகப் பூட்டிப் பெருவிரலில் காயம். வீட்டில் கேட்டாள், “எப்பிடி வெட்டினது?” “சும்மா.” அவளுடைய சொல்லையே அவளுக்குக் கொடுத்தேன். கவனித்தாளோ தெரியாது.

10, வெள்ளி

155/95. மழை, பிறகு வெயில். எழுத ஒன்றுமில்லை.

குசினியில் மீன் வெட்டிக்கொண்டு பாடினாள். நான் உள்ளே வந்ததும் நிறுத்தினாள். இதை ஒன்றுமில்லை என்று விட முடியுமா?

பட்டறையில் ஆள் இல்லாத நேரம் நானும் ஒரு தாளில் எழுதிப் பார்த்தேன். நான் யார். மெக்கானிக். அப்பா. அதற்கு மேல் வரவில்லை. நானும் கணவன் என்று எழுதவில்லை என்பதைப் பேனையை மூடிய பிறகுதான் கண்டேன். அப்படியானால் அவளும் இப்படித்தானோ? இல்லை. அவள் யோசித்து எழுதுகிறவள்.

11, சனி

வகுப்புக்காரர் இன்று சாட்டிக்கு. கடற்கரையில் இருந்து எழுதுவதாம். வேலணையில் சாமான் வாங்க வேண்டும் என்று பொய் சொல்லி, மோட்டார்சைக்கிளில் பின்னால் போனேன். நாற்பத்தேழு வயதில் பனைக்குப் பின்னால் ஒளிந்து நின்றேன். இதை வேறு யார் செய்தாலும் சிரித்திருப்பேன்.

மணலில் பத்துப் பன்னிரண்டு பெண்கள். மாஸ்ரர் ஒரு காலை இழுத்து நடக்கிற மெலிந்த மனிதர். றெஜினாவின் பக்கம் போகவே இல்லை. எல்லாரும் கடலைப் பார்த்து இருந்தார்கள். அவள் மட்டும் கடலுக்கு முதுகைக் காட்டி. எழுதினாள், கிழித்தாள், திரும்ப எழுதினாள். பிறகு முழங்காலில் முகத்தைப் புதைத்து அழுதாள். தோள் குலுங்குவது அவ்வளவு தூரத்துக்கும் தெரிந்தது. பக்கத்தில் இருந்த பெண் முதுகைத் தடவினாள்.

போயிருக்க வேண்டியவன் நான். போகவில்லை. போனால் ஏன் வந்தேன் என்று சொல்ல வேண்டும்.

சாமான் வாங்காமல் வந்தேன். அவள் கேட்கவில்லை. அதுவும் ஒரு மாதிரி.

12, ஞாயிறு

பூசை முடிந்து வந்து, அவள் வெங்காயம் வெட்டும்போது சொன்னேன்.

“லாச்சியிலை இருந்த தாளைப் பார்த்தனான்.”

“எப்ப?”

“செவ்வாய்க்கிழமை.”

“நேற்றுச் சாட்டிக்கும் வந்தனீங்கள். உங்கடை மோட்டச்சைக்கிள் சத்தம் எனக்குத் தெரியாதே?”

கேட்டுவிட்டேன். “ஆரைக் கைவிட்டனீர்?”

“நீங்கள் ஆரெண்டு நினைச்சனீங்கள்?”

சொன்னேன். மாஸ்ரரையும் சொன்னேன். கத்தியைக் கீழே வைத்தாள். கோபக்காரி என்று எழுதியது உண்மைதான், முகத்தில் கண்டேன். “அதையும் எழுதுங்கோ உங்கடை பிறசர்க் கொப்பியிலை. சந்தேகக்காரன் எண்டு.”

எழுதிவிட்டேன்.

அரை மணித்தியாலம் கழித்து, கத்தியைத் திரும்ப எடுத்தபடி, அவளாகவே சொன்னாள். அப்போது அவளுக்கு ஒன்பது வயது. சண்டைக்காலம், அனலைதீவை விட்டு எல்லாரும் ஓடுகிற நேரம். ஒரு வள்ளத்தில் அளவுக்கு மேல் ஆட்கள். தாய், அவள், நாலு வயதுத் தம்பி ஜூட். விடியற்காலை, கரைக்குக் கிட்ட வள்ளம் புரண்டது.

“அவன்ரை கை என்ரை கையிலை இருந்தது. பிறகு இல்லை.”

உடல் கிடைக்கவில்லை. தாய் கேட்டவர்களுக்கெல்லாம் காய்ச்சல் என்று சொல்லியிருக்கிறார். எனக்கும் அப்படித்தான் சொன்னார்கள். ஒவ்வொரு வருடமும் கல்லறைத் திருநாளில் சேமக்காலையில் அந்தப் பிள்ளைக்கு நான் மெழுகுதிரி கொளுத்தியிருக்கிறேன், காய்ச்சலில் செத்த பிள்ளை என்று. இவள் பக்கத்தில் நின்றிருக்கிறாள்.

“விட்டது நான்தான். அதுக்கு வேறை சொல் இருக்கோ?”

“நனைஞ்ச கையிலை கயிறே நிக்காது. விடுறது வேறை, வழுக்குறது வேறை.”

“அப்ப வழுக்கினவள் எண்டு எழுதவோ?”

அதுவும் சரியாக இல்லை. இழந்தவள் என்றேன். “அது எல்லாரும்தான்” என்றாள். தப்பினவள் என்றேன். தலையாட்டி மறுத்தாள். வெங்காயம் வெட்டி முடியும்வரை ஒன்றும் கிடைக்கவில்லை.

மனைவி ஏன் இல்லை என்றும் கேட்டேன். “தாளிலை இடம் காணேல்லை.” பாதித் தாள் வெறுமையாக இருந்தது. நம்பவில்லை.

13, திங்கள்

மாஸ்ரரைத் துறையடியில் கண்டேன். நானே போய் வணக்கம் சொன்னேன். அவருக்கு என்னை யாரென்று தெரியவில்லை.

14, செவ்வாய்

பின்னேரம் மாமி பாரிசிலிருந்து வீடியோவில். வழக்கமான விசாரிப்பு, மழையோ, என்ன கறி. றெஜினா போனைக் குசினி மேசையில் சாய்த்து வைத்தாள்.

“அம்மா, தம்பியைப் பற்றிக் கதைக்கவேணும். காய்ச்சல் எண்டு சொல்லாதேங்கோ. நான் கையை விட்டது எனக்கு நினைவிருக்கு.”

லைன் நின்றுவிட்டதாக்கும் என்று நினைத்தேன். திரையில் மாமியின் கண் இமைத்தது.

“நீயோ? நீ என்ரை சீலைத் தலைப்பையெல்லே பிடிச்சுக்கொண்டு இருந்தனி. அவன் என்ரை கையிலை இருந்தவன், பிள்ளை. விட்டது நான்.”

“எனக்கு அவன்ரை கை நினைவிருக்கு, அம்மா.”

“அது வள்ளத்திலை ஏறேக்கை. ஏறினாப்பிறகு நான் வாங்கிட்டன்.” பிறகு: “வெளியிலை சொல்ல எனக்கு வெக்கமாயிருந்தது. நீ இப்பிடி நினைச்சுக்கொண்டு திரியிறாய் எண்டு எனக்குத் தெரியாது.”

மாமி அழவில்லை. மருந்து குடிக்க வேண்டும் என்று வைத்துவிட்டார்.

றெஜினா இருந்த இடத்திலேயே. “அம்மா உண்மைதான் சொல்லுறாவோ? இல்லாட்டி எனக்காகத் தன்ரை தலையிலை போடுறாவோ?”

மாமியின் முகத்தை நானும் பார்த்துக்கொண்டுதான் நின்றேன். ஒரு வாரமாக இஸ்திரியையும் செருப்பையும் துருவின எனக்கு, அந்த முகத்தில் ஒன்றும் பிடிபடவில்லை.

“தெரியேல்லை” என்றேன்.

“எனக்கும் தெரியேல்லை” என்றாள். சோறு வைத்தாள். இருவரும் கொஞ்சம்தான் சாப்பிட்டோம்.

15, புதன்

மழை. பட்டறை திறக்கவில்லை. மகளைப் பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டு வர, றெஜினா தானாகவே மாமிக்கு எடுத்திருந்தாள். அங்கே இன்னும் விடிந்திருக்காது. குசினிக் கதவு திறந்துதான் இருந்தது. கேட்கக் கூடாதென்று நான் முற்றத்துக்கு இறங்கினேன். இறங்குவதற்குள் காதில் விழுந்தது:

“அம்மா, அண்டைக்கு அவனுக்கு என்ன நிறச் சேர்ட் போட்டு விட்டனீங்கள்?”