பிரேக் நாள்

வியாழக்கிழமை, இரவு

காலையில் முதல் வேலையாக ஆஸ்பத்திரி லேப்பைத் திறந்தேன். கணக்குப்படி இன்று எனக்கு வேலையே கிடையாது. பதினொரு மாத ஒப்பந்தம் நேற்றோடு முடிந்தது. யாரும் நிரந்தரம் கேட்டுவிடக் கூடாதென்று, ஒரு நாள் பிரேக் விட்டுத்தான் புதிதாகப் போடுவார்கள். அந்த நாளிலும் வந்து, வருகைப் பதிவில் கையெழுத்துப் போடாமல் ரத்தம் எடுப்பது எங்களுக்கு வழக்கம்.

மதியம் ஹெட்கிளார்க் வந்தார். "நாளைக்கு ஒப்பந்தம் தேசூருக்கு, மேடம். சம்பளம் கேட்டுப் போட்ட கேஸை வாபஸ் வாங்கினா இங்கேயே, ஆரணியிலேயே இருக்கலாம்."

"இன்னிக்கு நான் ஸ்டாஃபே இல்லையே சார், யாருகிட்ட பேசிகினு இருக்கீங்க?"

சிரித்துக்கொண்டே போனார். அடுத்து வந்த பெரியவருக்கு நான் இரண்டு முறை ஊசி குத்தினேன்.

கூடவே கேஸ் போட்ட கல்பனா சாயங்காலம் போன் செய்தாள். "அக்கா, நீங்க வாபஸ் வாங்கினா நானும் வாங்கிடுவேன்." நாளைக்குப் பேசலாம் என்று போனை வைத்தேன்.

மகளுக்கு இது பன்னிரண்டாம் வகுப்பு. வீட்டுக்காரரால் தறியை விட்டு எழ முடியாது. தேசூருக்கு இரண்டு பஸ் மாற வேண்டும்.

நாளை தேசூருக்கே கையெழுத்துப் போடுவேன். கேஸை விடமாட்டேன். இவரிடம்கூட இன்னும் சொல்லவில்லை.