சுமதிக்கு என்ன வேண்டும், அக்கா?

என் பேரன்புக்குரிய அக்காவுக்கு,

காஞ்சி மாநகரத்தின் பாதிப் பாரத்தைத் தனியாளாகச் சுமக்கும் உன் தம்பி எழுதுகிறேன். மீதிப் பாதியை ஏகாம்பரநாதர் பார்த்துக்கொள்கிறார். நான்கு நாளாக எனக்குச் சோறு இறங்கவில்லை. காலையில் எட்டே இட்லியோடு எழுந்துவிடுகிறேன் என்றால் என் நிலைமை உனக்கே புரியும்.

உன் மகள் சுமதிக்கு வரன் வந்திருக்கிறது. முசரவாக்கத்துப் பையன், பள்ளிக்கூட வாத்தியார். "நீயே அவகிட்ட கேட்டுச் சொல்லுப்பா" என்று, நீ இல்லாத வீட்டில் அத்தான் இதை என் தலையில் கட்டிவிட்டார். கேட்டேன். எதைக் கேட்டாலும் பதில் சொல்லும் ஏஐ இருக்கிறதாமே, அது ஓடும் போனைத் தூக்கிக் காட்டினாள்.

"இதுகிட்ட எல்லாத்தையும் சொல்லிக் கேட்டுட்டேன் மாமா. வேணாம்னு சொல்லுது."

அது அடுக்கியிருந்த காரணங்களை வடமாகத் திரித்தால் காமாட்சியம்மன் தேரையே இழுக்கலாம்.

"அது கெடக்குதும்மா. பையன உனக்குப் புடிச்சிருக்குதா?"

"தெரியல மாமா. தெரிஞ்சா நான் ஏன் இதக் கேக்கப் போறேன்?"

"வேலைல சேரச்சொல்லோ யாரக் கேட்ட?"

"இதத்தான்."

அக்கா, ஓர் உண்மையை இன்று ஒப்புக்கொள்கிறேன். உனக்கு வரன் வந்தபோது அம்மன் சந்நிதியில் பூக்கட்டிப் பார்த்தோமே. வெள்ளை வந்தால் சம்மதம், சிவப்பு வந்தால் வேண்டாம். பொட்டலம் கட்டியவன் நான். இரண்டிலும் வெள்ளைப் பூவைத்தான் வைத்தேன். முந்தின நாளே நீ என்னை ஓரமாக இழுத்து, "ஐயம்பேட்டை ஆளுதான்டா வேணும், என்னா பண்ணுவியோ தெரியாது" என்றாயே. அம்மனே உத்தரவு கொடுத்துவிட்டாள் என்று எல்லோரும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். நீ மட்டும் என் பக்கம் திரும்பவே இல்லை.

இந்தப் போனுக்குள் பொட்டலம் கட்டுகிறவர் யார்? அவருக்குச் சுமதியைத் தெரியுமா? அதுகூடப் போகட்டும். உன் ஆசை உனக்குத் தெரிந்திருந்தது, அதனால் என் திருட்டுத்தனத்துக்கும் ஓர் அர்த்தம் இருந்தது. இவள் ஆசையை நான் எங்கே போய்த் தேடுவேன்? எனக்குப் பயமே அதுதான்.

கை அரிக்கிறது. பையன் தங்கமானவன். இரண்டு பொய் சொன்னால் போதும், முடித்துவிடுவேன். ஆனால் அப்புறம் எனக்கும் அந்தப் போனுக்கும் என்ன வித்தியாசம்?

முசரவாக்கத்தாரிடம் பதினைந்து நாள் அவகாசம் கேட்டிருக்கிறேன். தினமும் அவள் எதிரில் உட்கார்ந்து கேட்பேன். அவள் திட்டினாலும், அழுதாலும் காத்திருப்பேன். வேண்டுமோ வேண்டாமோ, அவளாகச் சொன்னதை மட்டுமே கொண்டுபோய்ச் சேர்ப்பேன். பிறந்ததிலிருந்து முதல்முறையாக நான் ஒன்றிலும் கை வைக்கப்போவதில்லை. நம்பு அக்கா.

உன் தம்பி,
சுமதியின் தாய்மாமன்.