யாருடைய கைநாட்டு

1955, தை 12, செவ்வாய். பூவம்.

பிரெஞ்சுப் பட்டாளத்தில் போன என் வீட்டுக்காரர் சைகோன் சண்டையில் இறந்த பிறகு நர்ஸ் பயிற்சிக்கு எழுதிப் போட்டிருந்தேன். பதிலே வராததால் இன்று காரைக்கால் ஆஸ்பத்திரிக்கு நானே நடந்து போனேன்.

"வர இஷ்டமில்லைன்னு நீதானேம்மா எழுதியிருக்கே?" என்று தலைமை நர்ஸ் ஒரு கடிதத்தைக் காட்டினார். என் பெயருக்குக் கீழே கைநாட்டு.

"எனக்குக் கையெழுத்துப் போடத் தெரியுங்க" என்று அங்கேயே போட்டுக் காட்டினேன். திங்கட்கிழமை வந்து சேரச் சொன்னார்.

சோறு போடும்போது கொழுந்தன் முகத்தையும் அத்தையின் விரலையும் மாறி மாறிப் பார்த்தேன்.

"காலையிலேருந்து எங்கடி போயிருந்தே?" என்றார் அத்தை.

"கோயிலுக்கு அத்தை."

கொழுந்தன் நிமிரவே இல்லை. அவனுக்கு எழுதத் தெரியும். அத்தைக்குத் தெரியாது. வீட்டுக்காரர் இறந்த சேதி வந்தபோது என்னைக் கட்டிக்கொண்டு அழுதவர் அத்தைதான். அந்தக் கைநாட்டு அத்தையுடையதாக இருக்கக் கூடாது. ஆனாலும் திங்கள்வரை அவரிடம் வாய் திறக்க மாட்டேன்.