படத்துக்காக வைத்த நெருப்பு

3-4-1961, குண்டூர் நாடு
அடிவாரத்திலிருந்து காமிராவைத் தலைச்சுமையாகக் கொண்டுவந்து இரண்டு நாள் ஆகிறது. முழங்கால் இன்னும் வலிக்கிறது. சர்க்கார் செய்திப்படத்துக்கென்று எனக்கு எழுதிக் கொடுத்த கதைப்படி, மலை ஜனங்கள் காட்டை எரித்துப் பாழாக்குகிறார்கள், சர்க்கார் வந்து திருத்துகிறது. எரிப்பவர் யாரையும் இங்கே காணோம். பெருமாயி என்ற விதவை மட்டும் சரிவில் கொத்திக்கொண்டிருந்தார். காட்டிலாகா தடுத்த பிறகு மூன்று வருஷமாக நெருப்பே வைப்பதில்லையாம்.

5-4
நெருப்பை எடுக்காமல் திரும்பாதே என்று மேலதிகாரியின் கடிதம். பெருமாயியிடம் கேட்டேன். ஒரே ஒரு மூலை, படத்துக்காக.

"பாரஸ்ட் கார்டு கண்டா வம்புங்களே."

"சர்க்கார் படம்தானம்மா. நான் இருக்கிறேன்."

வைத்தார். புகை படத்தில் நன்றாக விழுந்தது. மனம் நிறைந்து தூங்கப் போகிறேன்.

6-4
நான் அருவிப் பக்கம் போயிருந்தபோது காட்டிலாகா கார்டு வந்து அவரைப் பிடித்துப் போய்விட்டான். "காமிராக்காரரு எங்கீங்க" என்று கேட்டுக்கொண்டே போனாராம். அவருடைய தம்பி சின்னுசாமி சொன்னார். என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

22-4, சென்னை
சண்டை. பிலிமைக் கழுவிப் பார்த்ததும் மேலதிகாரியே காட்டிலாகாவுக்கு ஒரு பிரதி அனுப்பிவிட்டாராம், சாட்சியத்துக்கு! கோர்ட்டுக்குப் போனால் வேலை இருக்காது என்கிறார்.

அரசு, குடிமகன், உரிமை — அரசியல் சாஸ்திரத்தில் எம்.ஏ., முதல் வகுப்பு. சர்க்கார் என்ற ஒரு சொல்லை நம்பி ஒரு பொம்பள நெருப்பு வெச்சா. அந்தச் சொல்லைச் சொன்னவன் யாரு? நான்தானே? என்னத்தடா படிச்சுக் கிழிச்சே?

4-5
கோர்ட்டில் சொல்லிவிட்டேன். வைக்கச் சொன்னது நான், தீப்பெட்டியும் என்னுடையது என்று. மாஜிஸ்டிரேட் எழுதுவதை நிறுத்தி என்னைப் பார்த்தார். பெருமாயியை விட்டுவிட்டார்கள்.

வாசலில் கைகூப்பினேன். அவர் கூப்பவில்லை.

"இருபத்தெட்டு நா உள்ள கெடந்தனுங்க. மொத நாளே வந்து சொல்லியிருக்கலாமில்லீங்க?"



11-5
வேலை போயிற்று. போகட்டும்.

17-9, சேலம்
மாலைக் காட்சி. பெரிய படத்துக்கு முன்னால் நான் எடுத்த அந்தச் செய்திப்படம் ஓடியது. என் பெயர் இல்லை. என் புகை, என் சரிவு, குனிந்து நெருப்பு வைக்கும் பெருமாயி. "அறியாமையால் காட்டை அழிக்கும் மலைவாசிகள்" என்கிறது ஒரு கனத்த குரல். பக்கத்தில் வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தார்கள். எத்தனை ஊர்த் தியேட்டரில் இன்று ஓடுகிறதோ!

எழுந்து நின்று, இது பொய், அந்த நெருப்பை வைக்கச் சொன்னவன் நான் என்று கத்தினேன்.

"உக்காருங்க, மறைக்குதுங்க" என்றார் பின்னாலிருந்து ஒருவர்.

உட்காரவில்லை.