கடற்கதவில் ஒரு மொட்டைத் தலை

ஐப்பசி 9. காலை 6.10. மேல்நிலையம்.

காற்று சரி. தண்ணீர் சரி. தரையில் உள்ள மூன்று கேமராக் கண்களும் திறந்திருக்கின்றன. மணற்பாடி முழுதாகத் தெரிகிறது. கடல் மதில் ஈரமாக இருக்கிறது. ராத்திரி மழை பெய்திருக்க வேண்டும்.

எனக்குப் பின்னால் இந்த நாற்காலிக்கு வருகிறவருக்காக எழுதுகிறேன். இயந்திரம் தன் கணக்கைத் தானே வைத்துக்கொள்ளும். ஆனால் ஆளும் தன் கையால் எழுத வேண்டும் என்பது விதி. என் பெயர் கோமதி. ஊர் மணற்பாடி. கோயில் வாசலில் இருபது வருடம் செருப்புக் காத்தவள். டோக்கன் கொடுத்ததில்லை. முகத்தைப் பார்த்து வாங்குவேன், முகத்தைப் பார்த்துக் கொடுப்பேன். ஒரு ஜோடிகூட மாறிப் போனதில்லை. அதனால்தான் என்னை இங்கே ஏற்றினார்கள்.

வேலை இவ்வளவுதான். கடற்கதவு வழியாக வெளியே போக யாரையும் கேட்பதில்லை. உள்ளே வரும்போது இயந்திரம் முகத்தைப் பார்க்கும். ஊரார் என்றால் திறக்கும். அதற்குச் சந்தேகம் வந்தால் படத்தை எனக்கு அனுப்பும். என் கைக்குக் கீழே இரண்டு பொத்தான்கள். தெரிந்தவர். தெரியாதவர். நான் எதை அழுத்துகிறேனோ அதுதான் முடிவு. முன்பு தரையில் இருந்த காவலர்களை மிரட்டினார்கள், காசு கொடுத்தும் வளைத்தார்கள். அதனால்தான் ஆளை வானத்தில், இவ்வளவு உயரத்தில் உட்கார வைத்துவிட்டார்கள். என் வீட்டுக் கதவைத் தட்ட இங்கே யாராலும் வர முடியாது. வீட்டுச் செய்தியும் வராது. மனம் ஒரு பக்கம் சாய்ந்துவிடும் என்று ஒரு வருடத்துக்கு நிறுத்தி வைத்திருக்கிறார்கள். பத்து மாதம் ஓடிவிட்டது.

ஐப்பசி 11. பகல் 12.40.

எல்லாம் சரி.

இந்தக் கதவைக் குறை சொல்ல மாட்டேன். முன்பு கடல்வழியாக வந்து வலையை அறுத்துக்கொண்டு போனார்கள், பெண்பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு போனார்கள். இப்போது விளக்கு வைத்த பிறகும் பிள்ளைகள் தெருவில் ஓடுகின்றன. ஊர் நிம்மதியாகத் தூங்குகிறது.

ஆனால் ஒன்று. மீன் ஏலக் கொட்டகைக்குப் பின்னால் ஒரு பெண் வந்து அழுவாள். தினமும் அதே நேரம். என்ன கஷ்டமோ. முதல் மாதம் நான் பார்ப்பது அவளுக்குத் தெரியாது. பிறகு தெரிந்துகொண்டாள். இப்போது வருவதில்லை. எங்கே போய் அழுகிறாளோ.

ஊரார் கூடி, எங்கள் பேச்சைக் கேட்கக் கூடாது, அது அந்தரங்கம் என்று மனு கொடுத்தார்கள். அதனால் கண்களுக்குக் காது கிடையாது. வாய் அசைவது மட்டும் தெரியும். பார்ப்பது அந்தரங்கத்தில் சேராதாம்.

ஐப்பசி 14. மாலை 4.25.

இன்றைக்கும் ஒரு மொட்டை. இந்த மாதம் பல பேர் இப்படி வந்துவிட்டார்கள். தலையையும் மீசையையும் மழித்தால் இயந்திரம் குழம்பும் என்று வெளியாட்கள் கண்டுபிடித்துவிட்டார்கள். இயந்திரம் குழம்பும். நான் குழம்ப மாட்டேன்.

ஊருக்குள்ளும் துக்க வீட்டில் மொட்டை போடுவார்கள்தான். ஆனால் மறுநாளே அலுவலகத்துக்குப் போய் முகத்தைப் புதிதாகப் பதிந்துவிடுவார்கள். அதனால் என்னிடம் வரும் மொட்டை எல்லாம் வெளியூர் மொட்டைதான்.

தெரியாதவர் என்று அழுத்தினால் விரட்டி கிளம்பும். பறக்கும் பெட்டி அது. கண்கூசும் விளக்கு அடித்து, ஆளை வடக்கு மேடுவரை ஓட்டிக்கொண்டு போய் விட்டுவிட்டு வரும். அங்கே வெளியாட்களின் முகாம் இருக்கிறது. விரட்டி பேசவும் பேசும். "இங்கே நிற்காதே. உன்னை எங்களுக்குத் தெரியாது. வடக்கே போ." என் குரல்தான். வயசான பொம்பளை குரலுக்கு ஆள் சண்டைக்கு நிற்க மாட்டான் என்று, மேலே ஏற்றுவதற்கு முன் என்னைப் பேசச் சொல்லிப் பதிந்துகொண்டார்கள்.

ஐப்பசி 17. காலை 9.05.

புயல் கொடி ஏறியிருக்கிறது. அலுவலகங்கள் பூட்டு. முக்கியக் காரியம் என்றால் ஒரு ஆள் மட்டும் கடலுக்குப் போய்வரலாம். கதவுக் கண்ணின் கண்ணாடியில் மழைத்துளி. படம் தெளிவில்லை.

ஐப்பசி 17. காலை 10.30.

கடற்கதவில் ஒரு மொட்டை. மீசையும் இல்லை. வெற்றுடம்பு, ஈர வேட்டி. கண் இரண்டும் வீங்கிக் கிடக்கிறது. குடித்திருப்பான். ஊர்ப் பட்டியலில் இல்லை என்கிறது இயந்திரம். பார்த்தேன். கன்னம் ஒட்டிய ஆள். நான் செருப்பு வாங்கிய முகம் இல்லை.

தெரியாதவர்.

ஐப்பசி 17. காலை 11.15.

அதே ஆள். விரட்டி ஓட்டிக்கொண்டு போனவன் பாதி வழியில் திரும்பி வந்துவிட்டான். கண்ணுக்கு நேராக வந்து, முகத்தைத் தூக்கிக் காட்டிக்கொண்டு நிற்கிறான். சிரிக்கிறான். எத்தனையோ பேர் வந்து அழுதார்கள், திட்டினார்கள். சிரித்தவன் இவன் ஒருத்தன்தான். ஏதோ சொல்கிறான். சின்ன வார்த்தை. அதையே திரும்பத் திரும்பச் சொல்கிறான்.

என்ன திமிர் என்று நினைத்தேன். நினைத்ததைத்தான் எழுத வேண்டும். எழுதிவிட்டேன்.

தெரியாதவர்.

ஐப்பசி 17. பகல் 1.20.

எழுத்து கோணினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அவன் போகவில்லை. விரட்டி மின்சாரம் ஏற்றிக்கொள்ளத் திரும்பிவிட்டது. கதவுக்கு முன்னால் உள்ள கல்லில் உட்கார்ந்தான். உள்ளங்காலில் என்னவோ குத்தியிருக்க வேண்டும். காலை மடக்கித் தொடைமேல் வைத்துக்கொண்டு பார்த்தான்.

கண்டுகொண்டேன்.

குதிகாலின் வெளிப்பக்கம் வெடித்திருந்தது. அவனுக்குச் செருப்பு வாங்கினால் அந்தப் பக்கம்தான் முதலில் தேயும். சுண்டுவிரல் பக்கத்து விரல்மேல் ஏறிப் படுத்திருக்கும். எங்கள் வீட்டுக்காரருக்கும் அப்படித்தான். குளிப்பாட்டும்போது அந்த விரலை இழுத்து இழுத்து நேராக்கப் பார்ப்பேன். நேராகவே இல்லை.

உலகநாதன். என் மகன்.

மீசை முளைத்த நாளிலிருந்து அவன் மேலுதட்டை நான் பார்த்ததில்லை. முகத்தைக் கேட்டார்கள், முகத்தைப் பார்த்தேன்.

இயந்திரம் சொல்கிறது: கண்ணில் நீர், பார்வைத் திறன் குறைவு, துடைக்கவும்.

துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தேன். அப்போதுதான் மற்றது உறைத்தது. ஏன் மொட்டை. ஏன் ஈர வேட்டி. ஏன் தனியாகக் கடலுக்குப் போனான். சாம்பல் கரைத்துவிட்டு வந்திருக்கிறான். மகன் தலை மழித்துக் கடலுக்குப் போனால், வீட்டில் யார் இல்லை என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

ஒரே பார்வையில் மகனைக் கண்டேன். அதே பார்வையில் அவரைப் பறிகொடுத்தேன்.

ஐப்பசி 17. பகல் 1.35.

தெரிந்தவர் என்று அழுத்தினேன். பல முறை அழுத்தினேன். சிவப்பு விளக்குதான் எரிகிறது. திரையில் வந்தது இது: "முன் முடிவு உறுதி. முடிவை மாற்ற முயன்றதால், இவர் பார்வையாளரின் உறவினர் என ஐயம். உறவினரைப் பற்றி உங்கள் கருத்து ஏற்கப்படாது."

தெரியாது என்று சொன்னபோது ஏற்றுக்கொண்டது.

ஐப்பசி 17. பகல் 2.00.

தரை அலுவலகத்தை அழைத்தேன். ஜெபராஜ் பேசினான். பத்து மாதமாக எனக்குக் காற்றும் தண்ணீரும் சரியா என்று கேட்கிற பையன். அவன் பேசியதை அப்படியே எழுதுகிறேன். பேச்சையும் பதிய வேண்டும் என்று விதி இருக்கிறது.

"யக்கா, ஒங்கிட்ட சொல்லக் கூடாதுன்னு எழுதி ஒட்டிருக்காவ. சொல்லாம இருக்க முடியல, யக்கா. அண்ணாச்சி முந்தாநாள் வெள்ளென போயிட்டாவ. ஒறக்கத்துலயே. கஷ்டப்படல."

கடைசியில் ஏதாவது கேட்டாரா என்றேன்.

"ராத்திரி மொட்டமாடில நின்னு மேல பாத்துட்டு இருந்தாவளாம். ஒம்ம பொண்டாட்டி ஒம்மளப் பாக்காளாவேன்னு பக்கத்து வீட்டுக்காரரு கேலி பண்ணிருக்காரு. 'பாக்கட்டும், அதுக்குத்தான சட்டைய மாத்திட்டு வந்திருக்கேன்'னாவளாம்."

மொட்டை மாடிகளை நான் பார்ப்பதில்லை. இரவில் மதில் மட்டும்தான் என் வேலை.

கதவைத் திற என்றேன். கெஞ்சினேன். அவனைத் திட்டவும் செய்தேன்.

"தொறக்குற சாவி எங்கிட்ட இருந்தா இப்படி உக்காந்துருப்பனா, யக்கா? தரையில யாரும் தொறக்கக் கூடாதுன்னுதான ஒன்னய மேல வச்சிருக்காவ. ரெண்டாவது கொடியும் ஏறிட்டு. வெளிய போற வழியையும் அடைச்சாச்சு. ஒங்கொழுந்தனாரு கதவுக்கு இந்தப் பக்கம் நின்னு கத்திக்கிட்டு இருக்காரு. மதிலு ஆறாள் ஒசரம். காத்துல அந்தப் பக்கம் கேக்காது."

தண்ணீர் எப்போது ஏறும் என்று கேட்டேன்.

"பொழுது சாயுறதுக்குள்ள கதவு முங்கிரும். அவன் அங்கன நிக்கக் கூடாது, யக்கா. வடக்கு மேட்டுக்குப் போயிட்டான்னா பொழைச்சுக்கிடுவான். போகச் சொல்லுத ஆளுதான் இல்ல."

ஐப்பசி 17. மாலை 3.40.

இன்னும் அங்கேயே நிற்கிறான். தண்ணீர் கணுக்காலில். கண்ணைப் பார்த்தே நிற்கிறான். மேலே யார் உட்கார்ந்திருக்கிறாள் என்று அவனுக்குத் தெரியும். பிள்ளை தப்பாகக் கணக்குப் போடவில்லை. அம்மா முதலில் கவனிக்கவில்லை, இன்னொரு தரம் பார்த்தால் கண்டுபிடித்துவிடுவாள் என்று நிற்கிறான். அந்தச் சிரிப்புக்கு அர்த்தம் அதுதான். சின்ன வயதில் பள்ளிக்கூடம் விட்டு வரும்போது கோயில் வாசலில் நான் செருப்புக் காக்கிற இடத்தில் இப்படித்தான் பேசாமல் வந்து நிற்பான். நான் நிமிர்ந்து பார்க்கிறவரை நகர மாட்டான்.

நிமிர்ந்து பார்த்துவிட்டேன், ராசா. உனக்குத் தெரியவில்லை.

வேறு வழி இருக்கிறதா என்று தேடினேன். விரட்டிக்குள் வேறு பேச்சு கிடையாது. விளக்கை அணைத்து அணைத்துப் போட முடியுமா என்று கேட்டேன். முடியாது. கண்ணை இடம் வலமாக ஆட்ட முடியுமா. முடியாது. இங்கிருந்து தரைக்குப் போகும் கட்டளை ஒன்றே ஒன்று.

ஐப்பசி 17. மாலை 4.30.

முழங்கால்.

விரட்டிக்கு மின்சாரம் ஏறிவிட்டது. இயந்திரம் மறுபடியும் படத்தை அனுப்பியிருக்கிறது. உறவினர் என்ற ஐயத்தை மறந்துவிட்டதா என்று பார்த்தேன். மறக்கவில்லை. தெரிந்தவர் என்ற பொத்தான் இருண்டு கிடக்கிறது. மற்றது எரிகிறது. எவ்வளவு கிட்டத்து உறவாக இருந்தாலும் தெரியாது என்று சொல்லத் தடை இல்லை.

அழுத்தினால் என் குரல் போகும். உன்னை எங்களுக்குத் தெரியாது என்று போகும். காலையில் அதைக் கேட்டபோது, பதிந்து வைத்த குரல், யாரோ பொத்தானை அழுத்துகிறார்கள் என்று தன்னைத் தேற்றிக்கொண்டிருப்பான். மூன்றாம் முறையும் கேட்டால் எதைச் சொல்லித் தேற்றிக்கொள்வான்.

அழுத்தாவிட்டால் நிற்பான். என்னை நம்பிக்கொண்டே நிற்பான். தண்ணீர் கழுத்துக்கு வந்தாலும் நகர மாட்டான். அவனை எனக்குத் தெரியும்.

4.41.

தெரியாதவர்.

4.50.

விரட்டி அவன் தலைக்கு மேல். விளக்கு முகத்தில். அவன் வாய் அசையவில்லை. கேட்டுக்கொண்டு நிற்கிறான். முழுதாகக் கேட்கிறான்.

போ. போய்யா. நில்லாதே.

4.58.

சிரிப்பு போய்விட்டது.

கையை நெற்றிக்குத் தூக்கி விளக்கை மறைத்துக்கொண்டு, கண்ணைப் பார்த்தான். பிறகு இரண்டு கையையும் சேர்த்துக் கும்பிட்டான். மேலதிகாரியைக் கும்பிடுவது போல. முகம் தெரியாத யாரிடமோ, சரிங்க, போய்விடுகிறேன் என்று சொல்வது போல.

பெற்றவளை யாரும் அப்படிக் கும்பிட மாட்டார்கள்.

திரும்பி நடந்தான். தண்ணீரைக் காலால் தள்ளிக்கொண்டு வடக்கே போகிறான். விரட்டியின் கண்ணில் முதுகு தெரிகிறது. அவ்வளவு மழையிலும் ஒரு நொடிகூட அவன் திரையை விட்டுப் போகவில்லை. அத்தனை தெளிவாகத் தெரிகிறான்.

ஐப்பசி 18. காலை 6.10.

காற்று சரி. தண்ணீர் சரி.

வடக்கு மேட்டில் ஏறிவிட்டான். உயிரோடு இருக்கிறான். அதை முதலில் எழுதுகிறேன். தார்ப்பாய்க் கூடாரத்துக்குள் யாரோ கையைப் பிடித்து இழுத்துக்கொண்டார்கள்.

முடி வளர்ந்த பிறகு வரட்டும், யக்கா, பழைய முகத்தை இயந்திரம் கண்டுகொள்ளும் என்றான் ஜெபராஜ். இயந்திரத்திடம் கேட்டேன். மூன்று முறை மறுக்கப்பட்ட முகத்தை எந்தக் கோலத்திலும் அடையாளம் காணக் கற்றுக்கொண்டுவிட்டதாம். முடியோடும், மீசையோடும், தாடியோடும், கிழவனானாலும். கற்றுக் கொடுத்தவர் பெயர் என்று என் பெயரைப் போட்டிருக்கிறது.

எனக்குப் பின்னால் இங்கே வருகிறவருக்கு. எப்போதாவது வடக்கு மேட்டிலிருந்து ஒருவன் கதவுக்கு வந்தால், முகத்தைப் பார்க்காதீர்கள். இயந்திரத்தைக் கேட்காதீர்கள். அவன் வருவான் என்று எனக்கு நிச்சயமில்லை. அந்தக் கும்பிடு கும்பிட்டவன் வருவானா. வந்தால் அவன் காலை

6.32.

தண்ணீர் வடிந்த கதவில் ஆள். இரவு வெளியே மாட்டிக்கொண்ட மீனவர் யாரோ. நனைந்த முகம். பார்த்த முகம் மாதிரிதான் இருக்கிறது. அப்படித்தான் தோன்றுகிறது. தெரிந்தவரா என்று கேட்கிறது.

எந்த முகமும் எனக்கு

6.40.

அந்த ஆள் இன்னும் நிற்கிறார்.