ஆளில்லாத வாசல்

என் ஊர்சுற்றிக்கு,

நீ மலையிலிருந்து அனுப்பிய காட்சிகள் வந்து சேர்ந்தன. மூன்று நாளாக எடிட்டிங் அறையே கதி என்று கிடக்கிறேன். ஓநாய் வரும் இடம் பிரமாதம். அது போன மறுநொடியே நிறுத்தியிருக்கிறாய், அதுதான் உன் பழக்கம்.

ஆடு மேய்க்கிற அந்தப் பெண்ணும் நன்றாகத்தான் இருக்கிறாள். எனக்கு வயிற்றெரிச்சல் என்று நினைத்துவிடாதே, இது தொழில் பேச்சு. அவள் பால் கறந்துவிட்டு வாசலைத் தாண்டிப் போய்விடுகிறாள். ஆளே இல்லாத வாசலை நீ நாற்பது விநாடி எடுத்திருக்கிறாய். திரும்பி வந்தவள், "இன்னுமா எடுத்துக்கிட்டு இருக்கீங்க?" என்று சிரிக்கிறாள். ஓநாய் பத்தடியில் நின்றபோதும் ஆடாத கேமரா, அங்கே லேசாக ஆடுகிறது.

அதை வெட்டவில்லை. வந்து நீயே பார்.

நேற்று நம் பழைய காட்சிகளை எல்லாம் தோண்டினேன். கல்யாணமாகிப் பதினோரு வருஷத்தில் நான் இருப்பது ஒரே இடத்தில், நான்கு விநாடி. "கொஞ்சம் அப்படியே நில்லு, வெளிச்சம் பார்த்துக்கறேன்" என்கிறாய்.

நானும் அவசரமாக முகத்தைத் துடைத்துக்கொண்டு, சிரித்தபடி நிற்கிறேன்.

இப்படிக்கு,
உன் எடிட்டர்