கொஞ்சம் மெதுவா, மரகதம்

நவ. 4, செவ்வாய்

விடிந்ததிலிருந்து தூறல். துணி ஈரம் வாங்கிக்கொண்டு மெஷினில் நகர மாட்டேன் என்கிறது.

செய்ய வேண்டியவை: ஊசி இரண்டு டப்பா. கூரை ஒழுகும் இடத்துக்குத் தார்ப்பாய். டெய்லர் ரீனா மறுபடியும் லீவு கேட்கிறாள். தீபாவளிக்குத்தானே ஒடிசா போய் வந்தாள்? விசாரிக்க. பால் கார்டு.

பதினொரு மணிக்குப் பனியன் உற்பத்தியாளர் சங்கத்திலிருந்து போன். “மேடம், உங்க ஃபோல்டருக்குத்தானுங்க இந்த வருஷம் விருது. பதினஞ்சாந்தேதி விழா.” விளையாடுகிறார்களோ என்று இரண்டு தடவை கேட்டேன். நிஜம்தான். பதினான்கு பேரும் மெஷினை நிறுத்திவிட்டுக் கை தட்டினார்கள்.

நான் எதிர் ஸ்டூலைத்தான் பார்த்தேன். பழக்கதோஷம். மரகதம் வேலையை விட்டுப் போய் இரண்டு மாதத்துக்கு மேல் ஆகிறது.

நவ. 5, புதன்

மழை விட்டது. ‘கண்டுபிடிப்பு உருவான கதை’ என்று ஒரு பக்கம் எழுதித் தர வேண்டுமாம். நாலு தடவை எழுதி நாலையும் கிழித்தேன். உள்ளதை இங்கேயாவது எழுதிவைக்கிறேன்.

குழந்தை பனியன் கழுத்துக்கு இரண்டு கலர் பட்டி. இரண்டையும் ஒன்றின்மேல் ஒன்று வைத்து, ஓரம் மடித்து, கட்டைவிரலால் அழுத்தி நீட்டுவது ஹெல்பர் வேலை. வாங்கித் தைப்பது டெய்லர். பதினொரு வருடம் மரகதம் மடித்தாள், நான் தைத்தேன். நெருப்பெரிச்சல் பக்கம் இந்த ஷெட் வருவதற்கு முன்பு, வீட்டு முன்னறையில் இரண்டு மெஷின் போட்ட நாளிலிருந்து. மேடம், ஓனர் எல்லாம் மற்றவர்களுக்கு. அவளுக்கு நான் ‘புள்ள’தான்.

போன மார்கழியில் அவள் கட்டைவிரல் நகம் வெடித்தது. பனியன் துணியைச் சுற்றிக்கொண்டு மடித்தாள். வெள்ளைப் பட்டியில் ரத்தம் பட்டுவிடுமோ என்று என்னைவிட அவளுக்குத்தான் பயம். பார்க்கச் சகிக்காமல் பிஸ்கட் டப்பா மூடியை வெட்டி வளைத்தேன். துணி ஒரு பக்கம் நுழைந்தால் தானே மடிந்து மறுபக்கம் வர வேண்டும். ஒன்பது மூடி வீண். எங்கே வளைக்க வேண்டும் என்று கண்டுபிடித்தது ம.தான். தகரத்தின்மேல் விரலை வைத்து, “என் வெரலு எப்படி மடங்குதோ அப்படியே மடக்கு புள்ள” என்றாள். பத்தாவது மூடியில் பட்டி சர்ரென்று ஓடியது. அதுதான் இந்த ஃபோல்டர்.

“என் வெரலு பொழைச்சுது போ!”

அன்றைக்கு இருவரும் சிரித்த சிரிப்பில் பக்கத்து ஷெட்காரர் எட்டிப் பார்த்தார். மடிக்கிற வேலையே இனி இருக்காது என்று இரண்டு பேருக்குமே உறைக்கவில்லை. மடச்சிகள்.

நவ. 6, வியாழன்

வெயில். நேற்றைய மிச்சம்.

எட்டிப் பார்த்த பக்கத்து ஷெட்காரர் போனில் படம் எடுத்துக்கொண்டு போனார். ஒளிக்கவில்லை. இந்த ஊரில் யார் ஒளிக்கிறார்கள்? நானும் யார் யார் மெஷினையோ எட்டிப் பார்த்துத்தான் படித்தேன். லேத்துக்காரர் அதையே ஸ்டீலில் செய்து கொடுத்தார். வைகாசிக்குள் எங்கள் ரோடு முழுக்க. வெளியூர் போய்க்கொண்டிருந்த இரண்டு கலர் ஆர்டர் இங்கேயே திரும்பியது. ரோட்டில் மூன்று புது ஷெட், அதில் இரண்டு பெண்கள் நடத்துவது. டீக்கடையில் இரண்டாவது அடுப்பு. “எல்லாம் உங்க புண்ணியமுங்க” என்கிறார் டீக்கடைக்காரர்.

புண்ணியம்தான். எல்லா ஷெட்டிலும் மடிக்கிற பெண்களை நிறுத்திவிட்டார்கள். நான் ம.வை நிறுத்தவில்லை. பிசிறு வெட்டினாள், பெருக்கினாள், தண்ணீர் பிடித்து வைத்தாள். ஆவணியில் ஒரு சனிக்கிழமை சொன்னாள்: “சும்மா உக்கார வெச்சுச் சம்பளம் குடுக்கற. கை நீட்டி வாங்கறக்குக் கூசுது புள்ள.” திங்கட்கிழமை வரவில்லை. இப்போது பொங்கலூர்ப் பக்கம் வெங்காயக் காட்டு வேலைக்கு பஸ் ஏறிப் போகிறாள்.

நவ. 8, சனி

சம்பள நாள். தலைவலி.

சங்கத்திலிருந்து மறுபடியும். விழாவில் போட வீடியோ வேண்டுமாம். பழைய முறை ஒரு நிமிடம், புது முறை ஒரு நிமிடம். கையால் மடிக்க இங்கே யாருக்குத் தெரியும்? ம.வுக்கு போன் போட்டேன். பேச ஒரு சாக்குக் கிடைத்தது என்று சந்தோஷம் வேறு.

“வர்றேன் புள்ள. ஞாயித்துக்கெழம காடு லீவுதான்.” அப்புறம் அவளே சொன்னாள். பெரிய எக்ஸ்போர்ட் கம்பெனி ஒன்றில் சாம்பிள் செக்‌ஷனுக்கு ஆள் எடுக்கிறார்களாம். தினம் ஒரு மாடல் என்பதால் அங்கே எல்லாம் கையால்தான் மடிக்க வேண்டும். பதினேழாந்தேதி வரச் சொல்லியிருக்கிறார்கள். “கை வேகமா இருக்கோணுமாம். அதுக்கென்ன, என்ற கைக்கு என்ன கொறைச்சல்?”

இந்த வேலை அவளுக்குக் கிடைத்துவிட வேண்டும். மாரியம்மனுக்கு வேண்டிக்கொண்டேன்.

நவ. 9, ஞாயிறு

ம. ஒரு பை சின்ன வெங்காயத்தோடு வந்தாள். கறுத்துப்போய், நகக்கண்ணெல்லாம் மண். ஸ்டூலில் உட்கார்ந்து பழையபடி கட்டைவிரலில் துணி சுற்றிக்கொண்டாள். மடிக்க ஆரம்பித்தாள். எனக்குத்தான் தைத்து ஈடுகொடுக்க முடியவில்லை. “என்ன புள்ள, ஓனரானதும் கை தூங்குதா?” என்று கிண்டல். எத்தனை நாளாயிற்று அந்தக் குரலைக் கேட்டு.

அடுத்து ரீனா ஃபோல்டரில் தைத்தாள். சங்கத்திலிருந்து படம் எடுக்க வந்தவர் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் ஓட்டிப் பார்த்தார். “ரெண்டும் ஒரே மாதிரி போகுதுங்க மேடம். வித்தியாசமே தெரியல. அந்தக்கா கொஞ்சம் மெதுவாப் பண்ணுனா நல்லாருக்கும்.”

ம. அவரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள்.

வேகம் இரண்டும் ஒன்றுதான், ஓர் ஆள் மிச்சம், அவ்வளவுதான் வித்தியாசம் என்று நான் சொல்லியிருக்கலாம். வாயில் என்ன கொழுக்கட்டையா இருந்தது? சொன்னது இதுதான்: “கொஞ்சம் மெதுவா, மரகதம்.”

அவள் கைக்கு மெதுவாகப் போகத் தெரியவில்லை. இரண்டு தடவை தன்னால் வேகம் பிடித்து, இரண்டு தடவையும் மறுபடி எடுத்தார்கள். மூன்றாவது தடவை, நேற்று வேலைக்கு வந்தவள் மாதிரி தடுமாறித் தடுமாறி மடித்தாள். “சூப்பருங்க” என்றார் அவர்.

டீ குடிக்க நிற்கவில்லை. பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதாம்.

நவ. 15, சனி

விழா. ஆரஞ்சுப் பட்டுச் சேலை. செருப்பு கடித்தது.

பெரிய திரை. இடது பாதியில் ம., கீழே ‘பழைய முறை’. வலது பாதியில் ரீனா. கூட்டம் சிரித்தது. எனக்குப் பின்னால் ஒருவர், “இப்படி மடிச்சா தீவாளி பனியன் பொங்கலுக்குத்தான் வரும்” என்றார். வரிசையே குலுங்கிற்று. நானும் திரும்பிச் சிரித்துவைத்தேன். என்ன ஜென்மம் நான்.

தலைமை தாங்கியவர் நன்றாகப் பேசினார். “வெளியூர்ல இருந்து யாரும் வந்து இந்த ஊர வளக்கலீங்க. சின்னச் சின்ன ஷெட்டுல, தகரத்த வளைச்சு, டப்பாவ வெட்டித்தான் வளந்துச்சு.” கை தட்டல்.

மைக்கைக் கொடுத்தார்கள். சங்கம், லேத்துக்காரர், ரீனா, எல்லோருக்கும் நன்றி சொன்னேன். ம. பெயர் நான் எழுதிப்போன பேப்பரில் இருந்தது. வெளிச்சம் கண்ணில் அடித்ததில் அந்த வரி தவறிவிட்டது.

பொய். வரி தவறவில்லை. அத்தனை பேர் சிரித்த பிறகு, அந்தக் கையைப் பார்த்துத்தான் தகரத்தை வளைத்தேன் என்று சொல்ல வெட்கமாக இருந்தது.

நவ. 18, செவ்வாய்

நேற்று அவளுக்கு அந்த கம்பெனியில் இன்டர்வியூ. காத்திருந்து நானே கூப்பிட்டேன்.

“போனேன் புள்ள. சூப்ரவைசரு என்னயப் பாத்ததுமே, ‘போன்ல சுத்துற அந்த வீடியோல வந்த அக்காதானுங்க நீங்க’ன்னாரு. எனக்குச் சந்தோசம். ஆமாங்கன்னேன். ‘எங்களுக்கு வேகமான கை வேணுமுங்களே’ன்னு சொல்லிப்போட்டாரு.”

“மடிச்சுக் காட்டலியா?”

“துணியே குடுக்கலியே.”

நாளைக்கே அந்த கம்பெனிக்குப் போய்ச் சொல்கிறேன், நான்தான் மெதுவாகச் செய்யச் சொன்னேன் என்று சொல்கிறேன் என்றேன்.

“விடு. காவ்யாவும் போன்ல பாத்துட்டு, ‘ஏம்மா இத்தன மெதுவா மடிக்கற’ன்னா. உங்கம்மாளுக்கு வயசாயிருச்சு கண்ணுன்னேன். பெத்த புள்ளயே நம்பிட்டா. அவரு நம்பறக்கு என்ன.”

சாப்பிடவில்லை. அழுதேன். அழுது என்ன.

நவ. 19, புதன்

வெயில். மதியம் அந்த கம்பெனிக்கே போனேன். சூப்பர்வைசர் எழுந்து நின்று வணக்கம் சொன்னார். விருது வாங்கியவள் அல்லவா. எல்லாம் சொன்னேன்.

“உங்க நல்ல மனசுக்குச் சொல்றீங்க மேடம். ஆனா நானே கண்ணால பாத்தனுங்களே. வேகமா மடிச்ச வீடியோ ஏதாச்சும் இருந்தாக் காட்டுங்க, எடுத்துக்கறோம்.”

இருக்கிறது என்றேன். அன்று முதலில் எடுத்தது, எனக்குத் தைத்து ஈடுகொடுக்க முடியாதது. அங்கேயே நின்று படம் எடுத்தவருக்கு போன் போட்டேன்.

“அது எதுக்குங்க மேடம்? அதையெல்லாம் அன்னைக்கே அழிச்சுட்டனுங்க.”